குடியுரிமை வகுப்பில் என் ஆட்சிக்காலம்

தர்சினி, நிறோஜன், இரண்டு பேருக்கும் சேர்த்தே எழுதுகிறேன். அமெரிக்காவில் பிள்ளைகளோடு போய் இருக்கிற எங்கள் யாழ்ப்பாணப் பகுதி முதியவர்களுக்கு அந்த நாட்டுக் குடியுரிமைப் பரீட்சையைச் சொல்லிக் கொடுக்கும் வகுப்பை இனி நீங்கள் நடத்தப் போகிறீர்கள். கேள்விகளையும் விடைகளையும் அந்த அரசாங்கமே அச்சடித்து விட்டிருக்கிறது. அதை நான் சொல்லித் தரத் தேவையில்லை. நேர வித்தியாசமும் தெரியும். கொக்குவிலில் விடிய ஆறு மணிக்கு நீங்கள் தேத்தண்ணிக் கோப்பையோடு கைத்தொலைபேசிக்கு முன்னால் இருந்தால், அங்கே அவர்கள் முதல் நாள் இரவுச் சாப்பாட்டை முடித்துக்கொண்டு வந்திருப்பார்கள். என் குறிப்புக் கொப்பிகளை நிறோஜன் ஏற்கெனவே கொண்டுபோய்விட்டார். கொப்பியில் இல்லாததைத்தான் எழுத வேண்டும். அதில் பெரும்பகுதி என்னுடைய பிழைகள்.

இந்தத் தொழிலைச் சொன்னால் ஊரில் சிரிப்பார்கள், அதற்கு முதலில் பழகிக்கொள்ளுங்கள். "அமெரிக்கன்ரை சுதந்திரத்தைக் கொக்குவிலிலை இருந்துகொண்டு படிப்பிக்கிறியளோ ரீச்சர்?" என்று எங்கள் ஒழுங்கைக்கு மீன் கொண்டு வருகிறவர்கூடக் கேட்டார். பட்டினி கிடந்தவனுக்குத்தான் சோற்றைப் பற்றிச் சரியாகக் கதைக்கத் தெரியும் என்று சொன்னேன். அவர் மீனைச் செதில் எடுத்துத் தந்துவிட்டுப் போய்விட்டார்.

முதல் பிழையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். அச்சுவேலி அருளானந்தம் அண்ணைக்கு நான் 'எதிர்பார்க்கை வினாக்கள்' கொடுத்தேன். எங்கள் ரியூட்டரிகளில் சோதனைக்கு முதல் வாரம் கொடுக்கிறோமே, வரும் என்று நாங்கள் ஊகிக்கிற கேள்விகள், அதேதான். அவர் அவற்றை மட்டும் நெட்டுருப் போட்டுக்கொண்டு, வெள்ளை வேட்டி சால்வையோடு நேர்முகத்துக்குப் போனார். அதிகாரி அவற்றில் ஒன்றையும் கேட்கவில்லை. அருளானந்தம் அண்ணை அவருக்கு ஆங்கிலத்தில், "நீங்கள் பாடத்திட்டத்துக்கு வெளியே போகிறீர்கள்" என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார். இரண்டாம் தரமும் தவறவிட்டு, திரும்பவும் விண்ணப்பம் போட்டு என் வகுப்பிலேயே இருந்தார். அந்த நாளைக்காக அவர் என்னை இன்னும் மன்னிக்கவில்லை, அது நியாயம்தான். எங்கள் ஊர்ப் பரீட்சைக் கெட்டித்தனத்தை அந்த மேசைக்குக் கொண்டு போக விடாதீர்கள்.

இரண்டாவது பிழை பெரியது. அதற்கு முதலில் நீங்கள் ஹாஜராவை அறிய வேண்டும்.

ஹாஜரா யாழ்ப்பாணம் சோனகத் தெருவில் பிறந்து வளர்ந்தவர். தொண்ணூறாம் ஆண்டு துவக்கு வைத்திருந்தவர்கள் ஒலிபெருக்கியில் அறிவித்து, முஸ்லிம்கள் எல்லோரையும் இரண்டு மணித்தியாலத்துக்குள் வெளியேறச் சொன்னபோது, கைக்குழந்தையோடு வெளியேறியவர். புத்தளத்தில் ஓலைக் கொட்டிலில் வளர்ந்த அந்தக் குழந்தை படித்து, அமெரிக்கா போய், தாயையும் கூப்பிட்டுக்கொண்டான். ஹாஜராவின் அக்கா மட்டும் திரும்பி வந்து, பழைய வளவில் ஒற்றை அறை போட்டுக்கொண்டு இருக்கிறார். அக்காவுக்குக் கண் மங்கிக்கொண்டு வருகிறது. பார்வை முற்றாகப் போக முன்னம் ஒருக்கால் வந்து முகம் காட்ட வேண்டும் என்பதுதான் ஹாஜராவின் ஆசை. ஆனால் குடியுரிமை கையில் இல்லாமல் விமானம் ஏறினால், திரும்பிப் போகும்போது வாசலில் மறித்துவிடுவார்கள் என்று பயம். அந்தப் பயம் சட்டப்படி சரியா பிழையா என்று தெரிந்தவர்கள் சொல்லட்டும். ஒருக்கால் ஊரைவிட்டுக் கலைக்கப்பட்டவரோடு அதை வாதாட எனக்கு வாய் வரவில்லை.

அவர் கலைக்கப்பட்ட மறுநாள் நான் பள்ளிக்கூடம் போய் வழமைபோல ஆங்கிலம் படிப்பித்தேன். என் வகுப்பில் முஸ்லிம் பிள்ளைகள் இருக்கவில்லை. அதனால் வெறுமையான கதிரை ஒன்றும் கண்ணில் படவில்லை.

ஹாஜராவுக்கு விடைகள் எல்லாம் தண்ணீர்பட்ட பாடு. ஆனால் முதல் நேர்முகத்தில் வாயே திறக்கவில்லை. "நல்ல மனுசன் ரீச்சர், சிரிச்சுக்கொண்டுதான் கேட்டவர். மேசைக்கு அங்கால ஒராள் இருந்து கேள்வி கேட்டா எனக்கு நாக்கு எழும்புதில்லை" என்றார். ஒரு விண்ணப்பத்துக்கு இரண்டு தரம்தான் வாய்ப்பு. இரண்டாவதும் போனால் எல்லாவற்றையும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். அக்காவின் கண் அவ்வளவு காலம் காத்திருக்காது. இரண்டாம் தரத்துக்குக் கடிதம் வரும் என்று பார்த்துக்கொண்டிருந்தோம்.

அப்போது பார்த்து அமெரிக்காவில் அதிகாரச் சண்டை முற்றியது. ஜனாதிபதி ஒரு கட்டளை போடுவார். நீதிபதி ஒருவர் அதை நிறுத்துவார். மேல் நீதிமன்றம் ஒன்று பாதியை விடுவித்துவிட்டு, மீதியைப் பிறகு பார்க்கலாம் என்னும். சட்டம் செய்ய வேண்டிய சபையோ தனக்குள் அடிபட்டு, அரசாங்கக் கந்தோர்களைக் கிழமைக்கணக்கில் பூட்ட விட்டது. ஒரு பகுதிச் சனம் கொடியைப் பிடித்துக்கொண்டு தெருவில் இறங்கி, எங்களுக்கு ராசா வேண்டாம் என்றது. மற்றப் பகுதி அதே கொடியைப் பிடித்துக்கொண்டு, நாட்டை நேசிக்கிறவன் வாயை மூடிக்கொண்டிருப்பான் என்றது. நாங்களோ ஒவ்வொரு விடியற்காலையும், மூன்று துறைகளும் ஒன்றையொன்று மிஞ்ச விடாமல் கட்டுப்படுத்துகின்றன என்று பாடமாக்கிக்கொண்டிருந்தோம்.

"ரீச்சர், உந்த விடை இன்னும் செல்லுபடியோ?" என்று ஒரு நாள் ஜெயராசா கேட்டார். "நேற்றையான் செய்தியைப் பார்த்தால் புதுப் பதிப்பு வரப்போகுது போலை கிடக்கு."

ஜெயராசா கொக்குவிலுக்குப் பக்கத்துத் திருநெல்வேலி ஆள். கச்சேரியில், எங்கள் மாவட்ட அரசாங்கக் கந்தோரில், லிகிதராக இருந்து ஓய்வு பெற்றவர். எதற்கும் ஆட்சேபணை எழுப்புவார். ஆனால் கச்சேரியில் இருந்த காலம் முழுக்க மேலதிகாரிக்கு முன்னால் 'ஓம் சேர்' தவிர வேறொன்றும் சொன்னதில்லை என்று அவரோடு வேலை செய்த என் மைத்துனர் சொல்கிறார். சேர்த்து வைத்த ஆட்சேபணை எல்லாம் ஓய்வுக்குப் பிறகு வெளியே வந்தது.

"உவருக்கு எப்பவும் நக்கல்தான்" என்றார் அருளானந்தம் அண்ணை. "ஒருத்தன்ரை கையிலை இருந்தால்தான் காணும் வேலை நடக்கும். எங்கடை ஊர்ச் சங்கத்தை நான் பத்தொன்பது வருசம் தலைவரா இருந்து நடத்தினனான். ஒரு பொதுக்கூட்டம் வைச்சனானோ?"

"வைக்கேல்லை எண்டபடியாலைதான் அண்ணை, சங்கக் கட்டிடத்திலை இப்ப ஆடு கட்டிக் கிடக்கு."

"நாட்டுப்பற்று இல்லாதவங்களோடை எனக்குக் கதை இல்லை."

"எந்த நாட்டுப் பற்று? இன்னும் நீங்கள் இந்த நாட்டுக்காரனே இல்லையே, சோதினை பெயில்தானே."

இப்படித்தான் தொடங்கியது. அருளானந்தம் அண்ணை தன் கதிரைக்குப் பின்னால் அமெரிக்கக் கொடி ஒன்றைக் கட்டினார். ஊரில் இருந்தபோது இலங்கைச் சுதந்திர தினத்தன்று கொடியேற்றத்துக்கு நிற்காமல் விடியவே தோட்டத்துக்குத் தண்ணீர் இறைக்கப் போய்விடுகிறவர் அவர். இப்போது காலையில் ஒரு கொடி, மத்தியானம் ஒரு கொடி, இரவில் பிள்ளையாருக்குப் பக்கத்தில் ஒரு கொடி என்று, காணொளி வகுப்பு நடக்கிற கைத்தொலைபேசிக் குறூப்பில் போட்டார். ஜெயராசா அதற்குப் பதிலாக நீதிமன்றத் தீர்ப்புகளை முழுதாகப் போட்டார். ஒருவர் வாசிக்க முடியாத நீளத்தில் தீர்ப்பு, மற்றவர் எண்ண முடியாத அளவில் கொடி. வகுப்பில் மற்ற நான்கு பேரும் ஆளுக்கொரு பக்கம் சாய்ந்தார்கள். ஹாஜரா மட்டும் ஒன்றும் எழுதவில்லை.

ஒரு காலை நான் குறூப்பைப் பூட்டினேன். அட்மின் மட்டும்தான் எழுதலாம் என்று ஒரு தெரிவு இருக்கிறது, கண்டிருப்பீர்கள். அந்தக் குறூப்பைத் தொடங்கியது முன்பு படித்த மாணவர் ஒருவரின் பேரன். அவன் அட்மின் பொறுப்பை என்னிடம் தந்துவிட்டுத் தன் பாட்டில் போய்விட்டான். எவரும் என்னைத் தெரிவு செய்யவில்லை. ஒன்பது வருடமாக நான்தான்.

பூட்டிய அன்று எவ்வளவு நிம்மதி தெரியுமா. பொய் சொல்ல மாட்டேன், எனக்கு நல்ல சந்தோசமாக இருந்தது. ஒரு சத்தமில்லை. என்னுடைய அறிவித்தல் மட்டும் தனியாக, அழகாக நின்றது. அதைப் பார்த்துவிட்டு இன்னொன்று எழுதினேன். விதி ஒன்று, வகுப்பில் அரசியல் கதைக்கக் கூடாது. அரசியலமைப்பைப் படிப்பிக்கிற வகுப்பு அது, ஆனாலும் எழுதினேன். விதி இரண்டு, கொடி ஜூலை நான்காம் திகதி மட்டும். விதி மூன்று, நான் கேட்டால் ஒழிய எவரும் கதைக்க வேண்டாம். விதி நான்கு, முறைப்பாடுகளை என் தனி இலக்கத்துக்கு அனுப்ப வேண்டாம். பிறகு விதிகளுக்கு ஒரு முகவுரையும் எழுதினேன்.

அருளானந்தம் அண்ணை முதல் நாள் என்னைப் பாராட்டினார். "இப்பதான் ரீச்சர் சரி. உப்பிடித்தான் இருக்கோணும்" என்றார். அடுத்த நாள் கதிரைக்குப் பின்னால் இருக்கும் கொடியைக் கழற்றச் சொன்னேன். அன்றைக்கே அவர் சுதந்திரப் போராளி ஆகிவிட்டார்.

ஜெயராசா வகுப்பு நடக்கும்போதே, எந்தச் சுற்றுநிருபத்தின் கீழ் இந்த விதிகள் போடப்பட்டன என்று கேட்டார். நான் அவரைக் குறூப்பிலிருந்து நீக்கினேன். அதற்கு ஒரு விரல் போதுமாக இருந்தது.

என் கணவர் ஸ்ரேசன் மாஸ்ரராக இருந்தவர். அதிகம் கதைக்க மாட்டார். அன்று பேப்பரை மடித்து வைத்துவிட்டு, "இஞ்சரும், அமெரிக்காவிலை ஒராள் செய்யிறது அநியாயம் எண்டு ஆறு மணிக்குச் சொன்னீர். ஏழு மணிக்கு நீரும் உதைத்தானே செய்யிறீர்" என்றார்.

"இது வேறை" என்றேன்.

"ஓமோம். அவரும் உப்பிடித்தான் சொல்லுவார்" என்றுவிட்டுத் திரும்பவும் பேப்பரை விரித்தார். எனக்கு வந்த கோபத்தில் அவருக்கு அன்று இரண்டாவது தேத்தண்ணி கிடைக்கவில்லை.

ஒரு கிழமையில் மனு வந்தது. என் இலக்கத்துக்கு முறைப்பாடு அனுப்பத் தடை என்பதால், என் கணவரின் தொலைபேசிக்குப் படமாக வந்தது. கோடு போட்ட தாளில், கச்சேரி நடையில், ஜெயராசாவின் குண்டெழுத்து. கீழே கையெழுத்துகள். ஜெயராசாவுடையதற்கு அடுத்தது அருளானந்தம் அண்ணையுடையது. நாலு மாதமாக ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காதவர்கள், என்னை எதிர்க்க ஒன்றாகிவிட்டார்கள். நான் சொல்லிக் கொடுத்த விடைகளையே எனக்குத் திருப்பி எழுதியிருந்தார்கள். பேச்சுச் சுதந்திரம், கூடும் சுதந்திரம், அரசிடம் மனுக் கொடுக்கும் சுதந்திரம், ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் கேள்வி இலக்கம். கடைசி வரி இப்படி இருந்தது: "ஜனாதிபதி நான்கு வருடங்களுக்குத் தெரிவு செய்யப்படுகிறார். தாங்கள் ஒன்பது வருடங்கள். தெரிவு செய்தவர் யார்?"

ஒரு ஆசிரியருக்கு இதைவிடப் பெரிய வெற்றி உண்டா? பாடம் முழுவதும் விளங்கியிருக்கிறது, உதாரணத்தோடு எழுதியிருக்கிறார்கள். நான் அதை அப்படிப் பார்க்கவில்லை. நன்றி கெட்டவர்கள் என்று பார்த்தேன். உடனே பதில் எழுதினேன். அவசரகாலச் சட்டம் வருவதும் போவதும் திரும்ப வருவதுமாக இருந்த நாட்டில் வளர்ந்தவள் நான், அந்த நடை எனக்குத் தானாக வரும். 'அசாதாரண சூழ்நிலை நிலவுகிறது. சகோதரி ஹாஜராவின் இரண்டாம் நேர்முகம் எந்த நேரமும் வரலாம். அவரைப் போன்ற பலவீனமானவர்களின் பாதுகாப்புக்காகவே இந்தக் கட்டுப்பாடுகள். மனுவில் அவர் கையெழுத்து வைக்கவில்லை என்பதையும் அனைவரும் கவனிக்கவும்.' எழுதி முடித்துவிட்டு, அந்தக் கடைசி வசனத்தை எனக்கு நானே இரண்டு தரம் வாசித்துக் காட்டினேன்.

அதன்பிறகு மூன்று கிழமை நல்ல அமைதி. வகுப்பில் நான் கேட்பேன், அவர்கள் சொல்வார்கள். வேறு பேச்சில்லை.

ஒரு திங்கட்கிழமை விடிய ஐந்தரைக்கு ஹாஜராவின் மகன் நௌஷாட் அழைத்தார். அங்கே ஞாயிறு இரவு எட்டு மணி.

"ரீச்சர், நாளைக்கு உம்மாவுக்கு இன்ரவியூ. கடைசியா என்னத்தைத் திரும்பப் பாக்கோணும் எண்டு கேப்பம் எண்டு எடுத்தனான்."

"எது, நாளைக்கோ?"

"ஏன், உங்களுக்குத் தெரியாதோ? கடிதம் வந்து மூண்டு கிழமை."

"ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லையே தம்பி."

"உம்மாட்டைக் கேட்டனான். ரீச்சர் கதைக்க வேண்டாம் எண்டு போட்டிருக்கிறா, அவவா கேட்டாச் சொல்லுவம் எண்டவ. நான் பிறகு சொல்லியிருப்பா எண்டு நினைச்சிட்டன்."

வகுப்புக்கு அரை மணித்தியாலம் இருந்தது. அதற்குப் பிறகு ஒரு மணித்தியாலம் வகுப்பு. அதற்குப் பிறகு ஹாஜரா படுத்தெழும்பி அந்த மேசைக்கு முன்னால் போய் இருக்க வேண்டும். அந்தப் பெண்ணின் பாதுகாப்புக்கு என்று சொல்லித்தான் நான் வாயைப் பூட்டினேன். பூட்டப்பட்டது அந்தப் பெண்ணின் வாய்தான்.

பிள்ளைகளே, இப்படி ஒரு நேரம் உங்களுக்கும் வரும். கை தானாகக் கொப்பியைத்தான் எடுக்கும். நானும் எடுத்தேன். எல்லாக் கேள்வியையும் ஒரு மணித்தியாலத்தில் ஓட்டிவிடலாம் என்று பக்கங்களைக் கணக்குப் பார்த்தேன். அப்போதுதான் நான் முதன்முதலில் படிப்பிக்கப் போன பள்ளிக்கூடத்தில் இருந்த கணக்கு ரீச்சர் நினைவுக்கு வந்தார். அவர் ஒரு நாள் கரும்பலகையில் வேண்டுமென்றே கணக்கைப் பிழையாகச் செய்துவிட்டு, வகுப்பிலேயே வாய் திறக்காத பிள்ளையைப் பார்த்துக்கொண்டு நின்றார். பாடம் முடியும் மணி அடித்தும் அசையவில்லை. கடைசியில் அந்தப் பிள்ளை எழும்பி, "பிழை ரீச்சர்" என்றது. அவருக்கு அன்று வேறு ஒன்றும் படிப்பிக்க வேண்டியிருக்கவில்லை. நான் அப்போது, இதென்ன நேர விரயம் என்று நினைத்தேன்.

கொப்பியை மூடினேன். குறூப்பைத் திறந்துவிட்டேன். ஜெயராசாவைத் திரும்பச் சேர்த்தேன். ஆறு மணிக்கு எல்லோரும் வந்தார்கள், முகத்தை நீட்டிக்கொண்டு. ஹாஜராவுக்கு நாளைக்கு நேர்முகம் என்று சொன்னேன்.

"என்னக்கா, ஒருத்தருக்கும் சொல்லேல்லை?" என்றார் அருளானந்தம் அண்ணை.

"பூட்டிக் கிடந்ததல்லோ" என்றார் ஹாஜரா.

எனக்கு இன்னும் கொஞ்சம் ஆசை மிச்சம் இருந்தது. "நீங்கள் மனுவிலை கையெழுத்து வைக்கேல்லை, ஹாஜரா. அது ஏன்?" என்று கேட்டேன். நீங்கள் நல்லவர் ரீச்சர், அதனால்தான் என்று சொல்வார் என்று எதிர்பார்த்தேன்.

அவர் முக்காட்டுத் தலைப்பை இழுத்து விட்டுக்கொண்டார். "கையெழுத்து வைச்சா பேர் தெரிஞ்சிடும் ரீச்சர். பேர் தெரிஞ்சா முதலிலை வெளியிலை போற ஆள் நான்தான். ஜெயராசா அண்ணையை வெளியிலை போட்டமாதிரி."

அவர் என் பக்கம் நின்றிருக்கவில்லை. என்னைக் கண்டு பயந்திருந்தார். ஒலிபெருக்கிக்குப் பயந்த பெண், அமெரிக்கா வரை போய், கொக்குவிலில் ஒரு குசினிக்குப் பக்கத்தில் தேத்தண்ணிக் கோப்பையோடு இருக்கிற எனக்குப் பயந்துகொண்டிருந்தார். வெட்கத்தில் எனக்குக் காது சுட்டது. இதை மறைக்காமல் எழுதுகிறேன், ஏனென்றால் நீங்களும் ஒரு நாள் அட்மின் ஆவீர்கள்.

"ஹாஜரா, உங்கடை போனைப் பாருங்கோ. இப்ப நீங்களும் அட்மின். என்னைக் குறூப்பிலை இருந்து நீக்குங்கோ" என்றேன்.

"என்ன ரீச்சர், விசர்க் கதை கதைக்கிறீங்கள்?"

"ஏன் நீக்கிறீங்கள் எண்டு என்ரை முகத்தைப் பார்த்துச் சொல்லிப்போட்டு நீக்கோணும். இதுதான் இண்டைக்குப் பாடம்."

"உங்களைப் போய் எப்பிடி ரீச்சர்?"

"நாளைக்கு அந்த மேசைக்கு அங்காலை இருக்கிற ஆள் என்னைவிட நல்லவனா இருப்பான். என்னட்டைச் சொல்ல முடிஞ்சால் அவனிட்டையும் ஏலும்."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். நான் காத்திருந்தேன். ஜெயராசா ஏதோ சொல்ல வாய் எடுக்க, அருளானந்தம் அண்ணை, "சும்மா இரும் காணும், அவ சொல்லட்டும்" என்றார். சுவர் மணிக்கூட்டில் ஐந்து நிமிடம் போனது. ஐந்து நிமிடம் எவ்வளவு நீளம் என்று அன்றுதான் கண்டேன். கொப்பியைத் திறந்து ஒரு கேள்வியாவது கேட்போமா என்று விரல் துடித்தது.

"நீங்கள் எங்களைக் கதைக்க விடேல்லை" என்றார் ஹாஜரா, மேசையைப் பார்த்துக்கொண்டு.

"கேக்கேல்லை."

"நீங்கள் எங்களைக் கதைக்க விடேல்லை ரீச்சர்."

"நாளைக்கு இருக்கிறவனுக்குத் தமிழ் தெரியாது."

அவர் தலையை நிமிர்த்தி என்னை நேரே பார்த்தார். அந்தப் பார்வையை நான் அதற்கு முதல் அவரிடம் கண்டதில்லை. ஆங்கிலத்தில், நான் கேட்டிராத உரத்த குரலில், சொல் சொல்லாகச் சொன்னார். 'ரீச்சர்' என்று முடிக்கவும் இல்லை. பிறகு விரலை வைத்து அழுத்தினார். நான் நீக்கப்பட்டுவிட்டேன் என்று திரையில் வந்தது. காணொளியை நானே நிறுத்திவிட்டு எழும்பி, குசினிக்குள் போனேன்.

"என்ன, வகுப்பு முடிஞ்சுதோ?" என்றார் என் கணவர்.

"எனக்கு முடிஞ்சுது. அவைக்கு நடக்குது" என்றேன். அவர் எழும்பிப் போய் எனக்குத் தேத்தண்ணி போட்டுத் தந்தார்.

நான் இல்லாத அந்த வகுப்பில் நடந்ததை ஜெயராசா பிறகு சொன்னார். முதலில் ஜெயராசா அதிகாரியாக இருந்தாராம். அடுத்து அருளானந்தம் அண்ணை அதிகாரியாகி, அமெரிக்கர்களைப் போல மூக்கால் வேகமாகக் கேள்வி கேட்டாராம். ஒவ்வொரு கேள்விக்கும் ஹாஜரா, விளங்கவில்லை, திரும்பச் சொல்லுங்கள், மெல்லச் சொல்லுங்கள் என்று சொல்ல வேண்டும். விளங்கினாலும் சொல்ல வேண்டும். அந்த இரண்டு பேரும் ஒரு மணித்தியாலம் அடிபடாமல் இருந்தது அந்த ஒரு நாள்தான்.

நீக்கப்பட்டவருக்குச் செய்தி வராது. அதை நான் யோசிக்கவில்லை. அன்று பகல் முழுக்கத் தொலைபேசியைக் கையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். நானாக எடுத்துக் கேட்க முகமில்லை. மறுநாள் விடிய ஆறு மணிக்குப் பழக்கதோசத்தில் கதிரையில் போய் இருந்தேன். ஒன்றும் வரவில்லை. அங்கே குறூப்பில் என்ன கொடி பறக்கிறதோ, என்ன தீர்ப்பு ஓடுகிறதோ, எனக்கு என்ன தெரியும். ஆறேகாலுக்கு ஹாஜரா அழைத்தார்.

"பாஸ் ரீச்சர்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவரும் அழுதார். அதிகாரி வேகமாகக் கதைக்கிற ஆளாம். முதல் கேள்வியிலேயே ஹாஜரா கையை உயர்த்தி, மெல்லச் சொல்லுங்கள் என்றாராம். அவர் மன்னிப்புக் கேட்டுவிட்டு மெல்லச் சொன்னாராம். "அவர் மன்னிப்புக் கேட்டவர் ரீச்சர், என்னட்டை" என்று ஹாஜரா அதையே மூன்று தரம் சொன்னார். சத்தியப் பிரமாணம் முடிந்து கடவுச்சீட்டு எடுத்ததும் அக்காவிடம் வருகிறாராம். அக்காவுக்கு முதலே அழைத்துச் சொல்லியாயிற்று.

அழுகை அடங்கியதும் எனக்கு என் அலுவல் நினைவுக்கு வந்தது. "இனி என்னைத் திரும்பச் சேர்க்கலாந்தானே" என்றேன், சும்மா கேட்பது போல.

"அதுக்கு வாக்கெடுப்பு வைச்சது ரீச்சர். சேர்க்கலாம் எண்டுதான் முடிவு. அட்மினா இல்லை, சும்மா ஆளா."

"எல்லாரும் ஓமெண்டினமோ?"

"ஒராள் வேண்டாம் எண்டது."

"ஜெயராசாவாத்தான் இருக்கும்."

"இல்லை, அவர் ஓமெண்டுதான் போட்டவர்."

"அப்ப அருளானந்தம் அண்ணை. அந்தக் கொடி விசயம்."

"அவரும் ஓம்தான்." பிறகு ஹாஜரா, "நான்தான் ரீச்சர்" என்றார். "நீங்கள் வந்தா இவையள் திரும்ப வாயை மூடிக்கொண்டு இருப்பினம் எண்டு எனக்குப் பட்டுது. இன்னும் ஒரு கிழமை போகட்டும் எண்டு நினைச்சன். அப்பிடிச் சொல்லக் கூடாதோ?"

எனக்குச் சுட்டது. நன்றாகவே சுட்டது. சொல்லலாம் என்றேன். என்னைப் பெரும்பான்மை சேர்த்துக்கொண்டுவிட்டது, அதனால் அவருடைய வாக்கு வெல்லவில்லை. ஆனாலும் நான் ஒரு கிழமை கழித்துத்தான் போனேன்.

பாஸ் பண்ணியும் அவர் குறூப்பை விடவில்லை. அருளானந்தம் அண்ணையின் நேர்முகம் வரை நிற்கப் போகிறாராம். வகுப்பு நேரத்தை மாற்றுவது, புது ஆட்களைச் சேர்ப்பது எல்லாவற்றுக்கும் இப்போது அவர்தான் வாக்கெடுப்பு வைக்கிறார். நீங்கள் இரண்டு பேரும் வகுப்பை எடுப்பதையும் அங்கே வாக்குக்கு விட்டிருக்கிறார்கள், முடிவு வெள்ளிக்கிழமை. உங்களைப் பற்றி நான் நல்ல சிபாரிசு ஒன்று எழுதி அனுப்பினேன். பெற்றுக்கொண்டதாக ஹாஜரா பதில் போட்டிருக்கிறார், அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை.